மஸ்தான் பாய் நடித்த படம்

போன வாரம் என் மச்சினன் பேத்தி கல்யாண வீடியோவைக் கொண்டுவந்து போட்டுக் காட்டினார்கள். மூன்றரை மணி நேரம். யார் கேட்டது? அதில் நான் ஒன்பது இடத்தில் வருகிறேன். பந்தியில் அப்பளத்தை நொறுக்குகிறேன், பாயசத்தை உறிஞ்சுகிறேன், ஓரமாக நாற்காலியில் சாய்ந்து வாயைப் பிளந்துகொண்டு தூங்குகிறேன். தூங்குவதை மட்டும் அந்த வீடியோக்காரப் பையன் மூன்று கோணத்தில் எடுத்திருக்கிறான். வீட்டில் எல்லாரும் விழுந்து விழுந்து சிரித்தார்கள். எனக்கு எரிச்சல்தான் வந்தது. ஏன் மூஞ்சியைத் தூக்கி வைத்துக்கொண்டு இருக்கிறீர்கள் என்று வீட்டுக்காரி கேட்டாள். மஸ்தான் பாய் ஞாபகம் வந்துவிட்டது என்றேன். "ஆரம்பிச்சிட்டீகளா?" என்று எழுந்து அடுப்படிக்குப் போய்விட்டாள். அவள் இந்தக் கதையை அத்தனை தடவை கேட்டிருக்கிறாள். சரி, நீங்களாவது கேளுங்கள்.

நடிப்பென்றால் கிலோ என்ன விலை என்று கேட்கிற என்னை ஒன்பது இடத்தில் பத்திரப்படுத்தி வைத்திருக்கிறார்கள். அஞ்சாறு படத்தில் நடித்து, கடைசிப் படத்தில் ராஜகுமாரனாகவே வந்த மனுஷனுக்கு ஒரு விரற்கடை பிலிம் மிஞ்சவில்லை. இதை யாரிடம் போய்ச் சொல்லி அழுவது?

ஐம்பத்தேழிலோ ஐம்பத்தெட்டிலோ, திண்டுக்கல்லில் ஒரு தோல் மண்டியில் கடிதம் எழுதும் கிளார்க்காகச் சேர்ந்தேன். குஜிலியம்பாறைப் பக்கம் வானம் பார்த்த பூமியில் சோளம் விதைத்துக்கொண்டிருந்த குடும்பம். எஸ்.எஸ்.எல்.சி. தேறியவன், இங்கிலீஷ் எழுதத் தெரிந்தவன் என்று முதலாளி எடுத்துக்கொண்டார். உப்புப் போட்ட ஆட்டுத் தோல் எப்படி நாறும் என்று தெரியாதவர்களுக்குச் சொல்லி விளங்கவைக்க முடியாது. அது சட்டையில் ஏறும், தலைமுடியில் ஏறும், தின்கிற சோற்றில் ஏறும். சனிக்கிழமை ஊருக்குப் போகிற பஸ்ஸில் எனக்குப் பக்கத்து சீட் எப்போதும் காலியாக இருக்கும். கூட்டம் பிதுங்கும், ஆனாலும் அந்த சீட் காலி. என் அம்மா வாசலிலேயே நிறுத்தி, சட்டையைக் கழற்றி வேப்பமரத்தில் போட்டுவிட்டு உள்ளே வா என்பாள். நானும் ஏதோ கலெக்டர் ஆபீஸில் வேலை பார்ப்பவன் மாதிரி கோபித்துக்கொள்வேன்.

அந்த நாற்றத்தில் ஒரே ஆறுதல் புங்க எண்ணெய் வாடை. ஆவாரம்பட்டைத் தண்ணீரில் ஊறிப் பதமான தோலுக்குக் கடைசியில் எண்ணெய் காட்டுவார்கள். காட்டாவிட்டால் தோல் விறைத்து வெடித்துவிடும். அந்த வாடை வந்தால் மஸ்தான் பாய் பக்கத்தில் எங்கோ இருக்கிறார் என்று அர்த்தம். அவர்தான் மண்டியில் தரம் பிரிப்பவர். தோலை ஜன்னலுக்கு நேரே தூக்கிப் பிடித்து, கட்டை விரலால் ஒரு தடவு தடவி, முதல், இரண்டு, கழிவு என்று சொல்லிக்கொண்டே மூன்று குவியலாக வீசுவார். அவர் சொன்னால் முதலாளிகூட மறுத்துப் பேசமாட்டார். அப்போது அவருக்கு ஐம்பது வயது தாண்டியிருக்கும். ஆள் ஆறடி. மூக்கும் நெற்றியும் அப்படி. நடந்து வரும்போது பார்த்தால் தோல் மண்டிக்கு வழி தவறி வந்துவிட்டார் என்றுதான் தோன்றும்.

மூட்டை தூக்குகிற ஆட்கள் அவருக்கு வைத்த பெயர் ஊமை ராஜா. "பாய், ஒரு டயலாக் எடுத்து விடுங்க" என்று ஒருவன் கேட்பான். ஊமைப்படத்து நடிகரிடம் டயலாக். உடனே எல்லாரும் கெக்கலி கொட்டுவார்கள். பாய் கோபப்படமாட்டார். கையை நெஞ்சில் வைத்து, கண்ணை உருட்டி, வாயை மட்டும் அசைத்துக் காட்டுவார். அவர்கள் இன்னும் சிரிப்பார்கள். முதலில் நானும் சிரித்தவன்தான், எதற்கு மறைக்க வேண்டும்.

மத்தியானம் சாப்பாடு முடிந்து செத்த நேரம் படுக்கிற வேளையில் அவர் தம் கதையைச் சொல்வார். இளவட்டமாக இருந்தபோது அவருடைய அத்தா அவரை ரயிலில் சரக்கோடு பட்டணம் பெரியமேட்டுக்கு அனுப்பினாராம். அங்கே சரக்கை இறக்கிவிட்டு ஊர் சுற்றப் போன இடத்தில், ஒரு தோட்ட பங்களாவில் படம் எடுத்துக்கொண்டிருந்திருக்கிறார்கள். கதாநாயகனைக் குதிரை கீழே தள்ளிவிட்டது. எவனும் கிட்டே போகப் பயந்து நிற்க, இவர் வேலியைத் தாண்டிப் போய்க் குதிரையைப் பிடித்திருக்கிறார். அத்தா வீட்டில் ஜட்கா வண்டி இருந்ததால் குதிரை பழக்கம். "அன்னைக்கு ஏறுனவன்தேன் தம்பி, அஞ்சு வருசம் எறங்கல" என்பார்.

முதலில் கதாநாயகனுக்குப் பதிலாகக் குதிரை ஓட்டினார். அப்புறம் கொள்ளைக்காரன் கூட்டத்தில் ஒருவர், அப்புறம் சேனாதிபதி, கடைசியாக ராஜகுமாரன். கூரையே இல்லாத அரண்மனை. வெயில்தான் விளக்கு. மேலே வெள்ளைத் துணி கட்டி, பக்கத்தில் கண்ணாடிப் பலகை பிடித்து முகத்தில் வெளிச்சம் அடிப்பார்களாம். சத்தம் பதிவாகாது என்பதால் டைரக்டர் பக்கத்திலேயே நின்று கத்திக்கொண்டிருப்பார். அழு, திரும்பு, இன்னும் அழு, போதும். கதாநாயகி ஒரு சட்டைக்காரப் பெண், ஆங்கிலோ இந்தியன். அவளுக்குத் தமிழ் ஒரு வார்த்தை தெரியாது, இவருக்கு இங்கிலீஷ் ஒரு வார்த்தை தெரியாது. நிலவில் நிற்பதாகப் பாவித்து அவள் கையைப் பிடித்துக்கொண்டு உருகுகிற கட்டத்தில் இவர், "ஏம்மா, உங்க வீட்ல இன்னைக்கு என்ன வெஞ்சனம்?" என்று கேட்பாராம். அவள் ஏதோ இங்கிலீஷில் திட்டுவாளாம். திரையில் பார்க்கிற சனம் கண்ணீர் விடும். இதைச் சொல்லும்போது அவர் கண்ணில் வருகிற சிரிப்பு இருக்கிறதே, அதைக் கண்டபிறகுதான் நான் சிரிப்பதை நிறுத்தினேன். இட்டுக்கட்டிச் சொல்கிறவனுக்கு இப்படித் தொட்டுக்கொள்கிற வெஞ்சனமெல்லாம் ஞாபகம் வராது.

பேசும் படம் வந்ததும் எல்லாம் போயிற்று. பாடச் சொன்னார்கள். பாய் பாடினார். டைரக்டர் எழுந்து வெளியே போய்விட்டாராம். "வாயத் தொறக்காத வரைக்கும் நான் ராசா, தம்பி. தொறந்தேன், தோல் மண்டிக்கு வந்துட்டேன்." கூத்தாடிவிட்டு வந்த மகனை வீட்டில் சேர்க்க மூன்று மாதம் ஆயிற்று. பெட்டியில் இருந்த போட்டோக்களை எல்லாம் அத்தா அடுப்பில் போட்டுவிட்டார். அதோடு அந்த வாழ்க்கைக்குச் சாட்சியும் போயிற்று. அவருடைய மச்சான்மார் ஊரெல்லாம் ஒரு கதை கட்டிவிட்டிருந்தார்கள். மாப்பிள்ளை படக் கம்பெனியில் நடிக்கவில்லை, நடிக்கிறவர்களுக்கு டீ வாங்கிக் கொடுத்தார், அவ்வளவுதான் என்று. அவர் சம்சாரம் பாத்திமாம்மாவுக்கு அதைக் கேட்டால் பற்றிக்கொண்டு வரும். ஆனால் அந்த அம்மாவும் அவரைத் திரையில் பார்த்ததில்லை. அந்தப் படங்கள் ஓடிய காலத்தில் அவர்களுக்குக் கல்யாணமே ஆகவில்லை.

இப்படி இருக்கையில் ஒருநாள் பேப்பரில் ஒரு செய்தி. சென்னையில் சினிமாக்காரர்கள் சங்கம் ஒன்று, ஊமைப்படக் காலத்துக் கலைஞர்களைத் தேடிப் பிடித்து மேடையில் ஏற்றிப் பொன்னாடை போர்த்தப் போகிறது. எல்லார் பெயரையும் போட்டு ஒரு மலரும் அச்சடிக்கிறார்கள். நான் பேப்பரை எடுத்துக்கொண்டு ஓடினேன். பாய் கையில் இருந்த தோலைக் கீழே வைத்துவிட்டு எழுத்துக்கூட்டி இரண்டு தடவை படித்தார். "சால்வையும் வேணாம், மேடையும் வேணாம் தம்பி. அந்தப் பொஸ்தகத்துல எம்பேரு வந்தாப் போதும். மச்சான்மாரு மூஞ்சில காட்டணும்" என்றார். அவர் எதற்கும் ஆசைப்பட்டு நான் பார்த்தது அந்த ஒருமுறைதான்.

அன்றைக்கே கடிதம் எழுதினேன். எனக்குத் தெரிந்த இங்கிலீஷ் தோல் வியாபார இங்கிலீஷ். மேற்படி நபர் அசல், நயம், பழுதில்லாதவர், நேரில் சோதித்துக்கொள்ளலாம் என்கிற தோரணையில் எழுதிவிட்டேன். இப்போது நினைத்தால் கூச்சமாக இருக்கிறது. பதில் வர இரண்டு மாதம். ஆதாரம் அனுப்பவும் என்று ஒரே வரி. பாயின் டிரங்குப் பெட்டி மூடியில் உள்பக்கம் ஒட்டியிருந்த ரோஸ் கலர் நோட்டீஸ் ஒன்றை வெந்நீர் தொட்டுத் தொட்டு உரித்து அனுப்பினோம். அதற்கும் பதில் வந்தது. நோட்டீஸில் கதாநாயகன் பெயர் ராஜ்பிரதாப் என்று உள்ளது, தாங்களோ மஸ்தான், இருவரும் ஒருவரே என்பதற்கு என்ன ஆதாரம்? கம்பெனி வைத்த பெயர் ஐயா அது! மஸ்தான் என்று போட்டால் ராஜகுமாரனாக நம்பமாட்டார்கள் என்று அவர்களாக வைத்தது. இதை விளக்கி மூன்று பக்கம் எழுதினேன். புகைப்படமோ படச்சுருளோ இருந்தால் மட்டும் தொடர்புகொள்ளவும் என்று ஒரு கார்டு வந்தது. மேஜையில் குத்தினேன் ஒரு குத்து. மைக்கூடு கவிழ்ந்து கணக்குப்பிள்ளையின் வேட்டி நாசமானதுதான் மிச்சம்.

பாய் அன்று சாயங்காலம் என்னைத் தனியாகக் கூப்பிட்டார். "தம்பி, ஒண்ணு இருக்கு. யாருக்கும் சொன்னதில்ல" என்றார். கம்பெனியை மூடியபோது கேமராக்காரர் கடைசிப் படத்தில் ஒரு சுருளை நினைவுக்கு வைத்துக்கொள் என்று கொடுத்திருக்கிறார். ராஜகுமாரன் குதிரையில் ஓடையைத் தாண்டி வந்து நிற்பான், அப்புறம் அவன் முகம். "மூஞ்சி மட்டும் தம்பி. தெர முழுக்க. இம்புட்டுப் பெருசா" என்று இரண்டு கையையும் விரித்தார். இருபத்தைந்து வருஷத்துக்கு மேலாகத் தகர டப்பாவில், துணி சுற்றி, பரண் மேல் இருக்கிறதாம். பத்திரமாக இருக்கிறதா என்றேன். "என்ன அப்புடிக் கேட்டுட்ட? வருசம் தவறாம நாந்தேன் பாத்துக்கிறேன்." நான் மேற்கொண்டு ஒன்றும் கேட்கவில்லை. கேட்டிருக்க வேண்டும்.

ஊரில் ஒரு தியேட்டரில் சவரிமுத்து என்ற ஆபரேட்டர் எனக்குப் பழக்கம். நாகல் நகரில் நான் இருந்த அறைக்கு அடுத்த அறைக்காரர். மேட்னிக்கு முன்னால், காலையில் ஒருமணி நேரம் மிஷினில் ஓட்டிப் பார்த்துவிடலாம், நல்லா இருந்தால் ஒரு துண்டு வெட்டிப் போட்டோ போட்டு அனுப்பலாம் என்றார். வெள்ளிக்கிழமை தொழுகை இருக்கிறதென்று வியாழக்கிழமையாகப் பார்த்து நாள் குறித்தோம். பாய் வெள்ளைச் சட்டையும் புதுக் கைலியும் போட்டு, அத்தர் பூசி வந்தார். ஜட்காவில் பாத்திமாம்மாவும் வந்து இறங்கினார்கள், தலையோடு வெள்ளைத் துப்பட்டி போர்த்திக்கொண்டு. ஆயுசில் முதல் தடவையாக ஒரு தியேட்டருக்குள் வருகிறார்கள். பெண்கள் பக்கம் காலி பெஞ்சில் நடுவில் உட்கார்ந்து, "தம்பி, இந்த வெள்ளத் துணியிலயா வருவாக?" என்று கேட்டார்கள். ஆமாம்மா என்றேன்.

மேலே கேபினில் சவரிமுத்து டப்பாவைத் திறந்தார். ஒரு புளித்த நாற்றம் மூக்கில் ஏறியது. அதோடு சேர்ந்து, மண்டியில் தினமும் நான் மோந்த புங்க எண்ணெய் வாடை. உள்ளே சுருள் இல்லை. கருப்பட்டி வட்டு மாதிரி பழுப்பாக, பிசுபிசுவென்று ஒரு கட்டி இருந்தது.

"யோவ், யாருய்யா இதுல எண்ணெ தடவுனது?" என்றார் சவரிமுத்து.

"நாந்தேன்" என்றார் பாய். அதைச் சொன்னபோது அவர் குரலில் இருந்தது பெருமை. "வருசா வருசம் மழைக்கு முன்னாடி ஒரு கை காட்டிருவேன். வெளிச்சம் படக்கூடாதுன்னு கேமராக்காரர் சொல்லியிருந்தாரு. போர்வைக்குள்ள வச்சு, கண்ண மூடிக்கிட்டே தடவுவேன்."

"எண்ணெ எதுக்குய்யா?"

"தோலுக்கு எண்ணெ காட்டாட்டி வெடிச்சுப் போகும்ல?"

தோலா என்று இரண்டு பேரும் ஒரே நேரத்தில் கேட்டோம். பிலிமில் மேலே பூசியிருப்பது தோலைக் காய்ச்சி எடுத்த பசைதான், உங்கள் வீட்டு ஆட்டுத் தோலில்தான் உன் மூஞ்சி ஒட்டியிருக்கிறது என்று அந்தக் கேமராக்காரர் அந்தக் காலத்தில் சொல்லியிருக்கிறார். சொன்னதும் பொய்யில்லை. பாய் அதை அப்படியே பிடித்துக்கொண்டார். தோல் என்றால் அதை எப்படிக் காப்பாற்றுவது என்று மூன்று தலைமுறையாகத் தெரிந்த வம்சம் அல்லவா? உலகத்தில் வேறு எந்த நடிகனும் இந்தக் காரியத்தைச் செய்திருக்கமாட்டான்.

எனக்கு எங்கிருந்து அப்படி ஒரு கோபம் வந்ததோ தெரியவில்லை. எட்டு மாதக் கடிதப் போக்குவரத்து, மூன்று பக்க விளக்கம், கணக்குப்பிள்ளை வேட்டி, எல்லாம் சேர்ந்து தலைக்கேறிவிட்டது. "உங்க கையாலேயே கெடுத்துட்டீகளே பாய்! சும்மா வச்சிருந்தாலே நல்லா இருந்திருக்குமே! இருபத்தஞ்சு வருசமா உக்காந்து உங்க மூஞ்சிய நீங்களே அழிச்சிருக்கீக!" என்று கத்தினேன். கேபின் சின்ன அறை. கீழே பெஞ்சு வரைக்கும் கேட்டிருக்கும். பாய் தம் கட்டை விரலைப் பார்த்துக்கொண்டு நின்றார்.

சவரிமுத்து நிதானமான மனுஷர். ஊசியை வைத்து நெம்பி, கட்டியின் உள்பக்கத்தில் இருந்து இரண்டு விரல் நீளத்துக்கு ஒரு துண்டைப் பிய்த்து எடுத்தார். இதுக்கு மேல் தொட்டால் பொடிந்துவிடும், இது தீப்பிடிக்கிற சாமான், ஓட்டிப் பார்க்கிற பேச்சே கிடையாது என்றார். அதற்குள் சத்தம் கேட்டுப் பாத்திமாம்மா படியேறி வந்துவிட்டார்கள். பாய் அந்தத் துண்டை வாங்கி, தோலைத் தூக்கிப் பிடிப்பதுபோல ஜன்னல் வெளிச்சத்துக்கு நேரே பிடித்தார். அந்த அம்மா துப்பட்டியை ஒதுக்கிவிட்டு ஒரு கண்ணைச் சுருக்கிக்கொண்டு பார்த்தார்கள்.

"குதிர தெரியுதுங்க. நாலு காலும் மேல இருக்கு. நீங்க எங்க?"

"அதுக்கு மேலதான் உக்காந்திருந்தேன்" என்றார் பாய்.

அவர் இருந்த இடம் உரிந்து போயிருந்திருக்கிறது. "நீயும் பாரு தம்பி" என்று என் பக்கம் நீட்டினார். "இனி என்னத்தப் பாக்குறது?" என்று சொல்லிவிட்டு நான் படியிறங்கிப் போய்விட்டேன். பின்னாலேயே, சவரிமுத்து டப்பாவைத் தண்ணீர் வாளிக்குள் போடுகிற சத்தம் கேட்டது.

அதற்கப்புறம் பாய் சினிமாப் பேச்சையே எடுக்கவில்லை. டயலாக் கேட்டால் வாயசைத்துக் காட்டுவதும் நின்றுபோயிற்று. கேட்டுக் கேட்டுப் பார்த்துவிட்டு ஆட்களும் விட்டுவிட்டார்கள். என்னிடம் முன்போலத்தான் பேசினார். ஆனால் மத்தியானம் நான் போய் உட்கார்ந்தால் தூங்குவதுபோலத் திரும்பிப் படுத்துக்கொள்வார். மன்னிப்புக் கேட்கலாம் என்று தினமும் நினைப்பேன். என்னவென்று கேட்பது? தப்பு அவருடையதுதானே என்று ஒரு வறட்டு நியாயம் எனக்குள் உட்கார்ந்திருந்தது. அப்படியே சர்க்கார் வேலை கிடைத்துச் சென்னைக்குப் போய்ச் சேர்ந்தேன்.

அங்கே நான் குடியிருந்த வீட்டு மாடியில் படம் கழுவுகிற லேபில் வேலை பார்த்து ஓய்ந்த ஒரு பெரியவர் இருந்தார். ஒருநாள் பேச்சுவாக்கில் இந்தக் கதையைச் சொன்னேன். சிரிப்பார் என்றுதான் சொன்னேன். அவர் சிரிக்கவில்லை. "எண்ணெய் என்ன சார் எண்ணெய், அந்தக் காலத்துப் பிலிம் நம்ம ஊரு சூட்டுல தானாவே அழுகும். தடவுனாலும் அழுகும், தடவாட்டியும் அழுகும். எங்க கிட்டங்கியில ஒரு கை படாம வச்சிருந்ததையே அள்ளிக்கொண்டுபோய்ப் புதைச்சோம்" என்றார்.

அடுத்த லீவில் ஊருக்குப் போகிற வழியில் திண்டுக்கல்லில் இறங்கி நேரே பாய் வீட்டுக்குப் போனேன். முன்னறையில் பாயும் அவருடைய மச்சான்மார் இரண்டு பேரும் உட்கார்ந்திருந்தார்கள். ஆள் மெலிந்து, மண்டிக்குப் போவதை நிறுத்தியிருந்தார். எனக்குப் பொறுக்கவில்லை. செருப்பைக்கூடக் கழற்றாமல், "பாய், அது நீங்க கெடுக்கல! எண்ணெயால இல்லையாம்! அந்த பிலிம் எப்புடி வச்சிருந்தாலும் போயிருக்குமாம்!" என்று கொட்டிவிட்டேன்.

பாய் என்னைப் பார்த்தார். அப்புறம் மச்சான்மாரைப் பார்த்தார்.

"எந்த பிலிமு தம்பி? நான் அங்க டீ வாங்கிக் குடுக்கப் போனவன்" என்றார்.

மச்சான்மார் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். கதவுக்குப் பின்னாலிருந்து பாத்திமாம்மாவின் குரல் வெடித்தது. "ஏன் பொய் சொல்றீக? அல்லா கேக்க மாட்டானா? குதிரையப் பாத்தவ நான் உயிரோட இருக்கேன்ல!" பாய் கதவுப் பக்கம் திரும்பி, "தம்பி தூரத்துல இருந்து வந்திருக்கு, சாப்பாட்டுக்குப் பாரு" என்றார். நான் சாப்பிட்டேன். ஆட்டுக்கறிக் குழம்பு. ஒரு பருக்கை மிச்சம் வைக்கவில்லை.

அந்த மலர் எப்போதோ அச்சாகி வந்தது. தேடிப் பிடித்து ஒன்று வாங்கினேன். வழவழப்பான தாளில் வரிசையாகப் பெயர்கள். மஸ்தானும் இல்லை, ராஜ்பிரதாப்பும் இல்லை. மண்டி இருந்த இடத்தில் இப்போது நான்கு மாடிக்கு ஆஸ்பத்திரி. தியேட்டரை இடித்துக் கல்யாண மண்டபம் கட்டியிருக்கிறார்கள். சவரிமுத்து போய்விட்டார். பாய் மௌத்தாகி அடுத்த இரண்டாம் வருஷமே பாத்திமாம்மாவும் போய்விட்டார்கள். பிள்ளை குட்டி கிடையாது. அந்த இரண்டு விரல் துண்டு என்ன ஆயிற்று என்று கேட்கவும் ஆளில்லை.

இரண்டு வருஷத்துக்கு முன்னால் ஒரு கல்லூரிப் பெண் என்னைத் தேடி வந்தாள். ஊமைப்படங்களைப் பற்றி ஆராய்ச்சி செய்கிறாளாம், யாரோ என் பெயரைச் சொன்னார்களாம். மூன்று மணி நேரம் உட்கார்ந்து, ஒன்று விடாமல் எழுதிக்கொண்டாள். என்ன பொறுமை! அறுபத்தைந்து வருஷத்துக்கு முன்னால் அந்தச் சங்கத்தில் இப்படி ஒரு ஆள் இருந்திருக்கக் கூடாதா என்று நினைத்துக்கொண்டேன். கடைசியில் பேனாவை எடுத்துக்கொண்டு கேட்டாள்: "இப்ப இருக்குற ஒரே சாட்சி நீங்கதான் சார். அந்த ரெண்டு விரல் துண்டுல நீங்க என்ன பாத்தீங்கன்னு மட்டும் சொல்லுங்க. அதைப் போட்டா என் ஆராய்ச்சியில அவர் பேரைச் சேத்துரலாம்."

"நீட்டினாரும்மா" என்றேன். "நான் பாக்கல."

அவள் பேனாவுக்கு மூடி போட்டாள். அப்புறம் நோட்டை மூடிப் பைக்குள் வைத்தாள்.